லூன் ஆற்றுக்கு மேலே ஒரு வாய்க்கால்

களுவாஞ்சிகுடி
ஆனி மாதம்

அன்புள்ள மச்சான்,

மகள் வீட்டிலிருந்து திரும்பி வந்து பத்து நாளாகிறது. நேரே தம்பிலுவிலுக்கு வர நினைத்தேன், முழங்கால் விடவில்லை. மகள் சுகம். பேரன் என்னைவிட உயர்ந்துவிட்டான். தமிழ் நன்றாக விளங்குகிறது, பேசத்தான் வெட்கப்படுகிறான். உன் வீட்டுக்காரியின் கண் ஒப்பரேஷன் நல்லபடி முடிந்ததாகத் தங்கச்சி சொன்னாள், பெரிய ஆறுதல்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். இங்கிலாந்தில் லங்காஸ்டர் என்ற ஊருக்குப் பேரன் கூட்டிப்போனான். அங்கே லூன் ஆற்றுக்குக் குறுக்கே ஒரு கற்பாலம். ஐந்து வளைவுகள், ஒவ்வொன்றும் 70 அடி அகலம். மேலே ஏறிப் பார்த்தால் தெரு இல்லை மச்சான், வாய்க்கால்! 200 மீற்றர் நீளத்துக்கு ஆற்றின் தலைக்கு மேலே தண்ணீர் நிற்கிறது. கைப்பிடிச் சுவரில் சாய்ந்து கீழே பார்த்தேன், ஐம்பது அடிக்குக் கீழே ஆறு சுழித்து ஓடுகிறது. திரும்பினால் முழங்கைக்குப் பக்கத்தில் அசையாத தண்ணீர், அதில் ஒரு தாரா நீந்திப் போகிறது. அப்புறம் நீளமான வள்ளம் ஒன்று வந்தது, முன்னால் ஒரு நாய் படுத்திருந்தது. இவ்வளவு பாரம் ஏறினால் பாலம் தாங்குமா என்று கேட்டேன். வள்ளம் தன் எடைக்குச் சமமான தண்ணீரை விலக்கிவிடும், அது வாய்க்கால் வழியே இரண்டு பக்கமும் போய்விடும், பாலத்துக்குப் பாரம் அதிகமாகாது என்றான் பேரன். இரவு படுத்த பிறகும் அதையே நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஜோன் ரெனி என்ற பொறியியலாளரின் வேலை அது. 1794 இல் தொடங்கி 1797 இல் முடித்திருக்கிறார்கள். ஆற்றுப் படுகைக்குள் மரக்குற்றிகளை அறைந்து அதன்மேல் தூண்களை எழுப்பினார்களாம். தண்ணீருக்குள்ளேயே இறுகும் சாந்துக்காக இத்தாலியிலிருந்து எரிமலைச் சாம்பல் கொண்டுவந்திருக்கிறார்கள். போட்ட கணக்கு 18,618 பவுண், முடிந்த கணக்கு 48,320 பவுண். அந்தச் செலவோடு, தெற்கே ரிபிள் ஆற்றுக்கும் இப்படி ஒன்று கட்டும் எண்ணம் நின்றுபோனது. வடக்கே நிலக்கரியும் தெற்கே சுண்ணாம்புக் கல்லும் போன வழி இந்த வாய்க்கால்.

ஆனால் நான் உனக்கு எழுத வந்தது கல்லைப் பற்றி அல்ல. அந்தத் தண்ணீரைப் பிடித்து வைத்திருப்பது கல் இல்லை, உள்ளே பூசிய களிமண். ஈரக் களியைக் குழைத்து, மிதித்து, படைபடையாக இறுக்கியிருக்கிறார்கள். அந்தக் காலத்து வாய்க்கால்களில் மாடுகளை நடக்கவிட்டுக்கூட மிதிப்பித்தார்களாம். அதைக் கேட்டதும் எருமைகள் சேறு மிதித்த நம் வட்டை வயல்தான் கண்ணில் வந்தது. சாகாமத்தில் வட்டை விதானையாக வயல், தண்ணீர் வேலைகளைப் பார்த்த உன் அப்பா, கட்டுக்கு மண் எடுக்குமுன் ஒரு பிடி உருட்டி, சட்டித் தண்ணீரில் இரவு முழுக்கப் போட்டு வைப்பாரே! விடியக் கையை விட்டுத் தொட்டுப் பார்ப்பார். உருண்டை குலையாமல் கிடந்தால்தான் வண்டி கட்டச் சொல்வார். நாம் இரண்டு பேரும் சிரிப்பை அடக்கிக்கொண்டு நிற்போம்.

இங்கே வெல்லாவெளி வயலில், வாய்க்கால் தண்ணீர் ஓடையைக் கடக்கப் போன வருஷம் ஒரு கொங்கிரீட் தொட்டி போட்டார்கள். தொட்டியில் ஒரு வெடிப்பும் இல்லை. தொட்டி முடிந்து மண் வாய்க்கால் தொடங்கும் இடத்தில்தான் தண்ணீர் குடைந்து ஓடைக்குள் இறங்குகிறது. அங்கே களி போட்டு இறுக்காமல் பக்கத்து மணலை அள்ளிப் போட்டு மூடியிருக்கிறார்கள். கடைசி வயல் வரவைக்குத் தண்ணீர் ஏறுவதே இல்லை. சிறுபோகப் பயிர், கதிர் வெளிவருமுன் குடலைப் பருவத்தில் வாடி நிற்பதைப் பார்க்க வயிறு எரிகிறது.

அந்த இரண்டு முனையையும் வெட்டிக் களி போடுவதாக நாலைந்து வயல்காரர் சேர்ந்து முடிவெடுத்திருக்கிறோம். நல்ல மண் எது என்று சொல்ல நீ வேண்டும். ஆடி அமாவாசைத் தீர்த்தத்துக்குத் திருக்கோவில் வருவேன். வீட்டில் சொல்லி வை, திரும்பும்போது உன்னையும் ஏற்றிக்கொண்டு வரப்போகிறேன், நாலு நாள் நிற்க வேண்டும். சட்டியை நான் எடுத்து வைக்கிறேன்.

பாலத்தின் படம் இதோடு இருக்கிறது. ஓரத்தில் தெரிவது பேரன்.

உன் மச்சான்