அறுப்புக்கு முன்னால் கேட்கும் பணம்: டெல்டா கல்லூரி முதல்வர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய முதல்வர்களுக்கு,

வணக்கம். தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்டங்களில் அரசுக் கலைக் கல்லூரிகளையும் அரசு உதவிபெறும் கல்லூரிகளையும் நடத்துகிற உங்கள் எல்லோருக்கும் சேர்த்தே இதை எழுதுகிறேன். திருத்துறைப்பூண்டிப் பக்கம் ஓர் அரசு மேல்நிலைப் பள்ளியில் பிளஸ் டூ பிள்ளைகளுக்கு வணிகவியல் நடத்துகிறேன். மே மாதம் ரிசல்ட் வந்ததும் அவர்களை உங்களிடம் அனுப்பி வைக்கிறோம். அவர்களில் யார் பாதியில் நின்றுவிட்டார்கள் என்ற செய்தியும் ஊரில் இருக்கிற எங்களுக்குத்தான் முதலில் வருகிறது.

சேர்க்கையைப் பற்றிக் குறை சொல்ல வரவில்லை. 2021-22 அகில இந்திய உயர்கல்விக் கணக்கெடுப்பில் நாட்டின் மொத்தச் சேர்க்கை விகிதம் நூற்றுக்கு 28.4, தமிழ்நாட்டில் 47. அரசுக் கலைக் கல்லூரியில் கல்விக் கட்டணம் கிடையாது. விண்ணப்பிக்க 50 ரூபாய், பட்டியல் வகுப்புப் பிள்ளைகளுக்கு வெறும் 2 ரூபாய். 2022 செப்டம்பரில் புதுமைப் பெண், 2024 ஆகஸ்டில் தமிழ்ப் புதல்வன் என்று மாதம் ஆயிரம் ரூபாய் வருகிறது. மருத்துவம், பொறியியல் படிப்புகளில் அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்கு 7.5 சதவீத இடம் இருக்கிறது. இதெல்லாம் சும்மா வந்ததில்லை. 1968-இல் கீழ்வெண்மணியில் 44 பேர் எரிந்து செத்தது கூலி உயர்வு கேட்ட போராட்டத்தில். அந்த மாதிரி ஊர்களின் பேரப்பிள்ளைகள் இன்று உங்கள் வருகைப் பதிவேட்டில் இருக்கிறார்கள். உள்ளே வந்துவிட்ட அந்தப் பிள்ளைகள் மூன்று வருஷமும் அங்கேயே இருக்க வேண்டுமே, அதைப் பற்றித்தான் பேச வேண்டியிருக்கிறது.

கட்டணமே இல்லையே, பிறகென்ன என்று கேட்பவர்களுக்கு உங்கள் அலுவலக ஜன்னலைத்தான் காட்ட வேண்டும். சிறப்புக் கட்டணம், பெற்றோர் ஆசிரியர் கழகம், சீருடை, ரெக்கார்டு நோட்டு, தேர்வுக் கட்டணம், அரியர் இருந்தால் அதற்கு ஒரு கட்டணம். தனித்தனியாகப் பார்த்தால் சின்னத் தொகைதான். ஆனால் கேட்கும் நேரம் இருக்கிறதே, அதைத்தான் நீங்கள் ஒருமுறை உட்கார்ந்து பார்க்க வேண்டும்.

மேட்டூரில் ஜூன் 12-இல் தண்ணீர் திறப்பது மரபு. திறந்தாலும் கடைமடைக்கு அது வந்து சேர நாளாகும். எங்கள் பக்கம் பெரும்பாலும் சம்பா ஒரு போகம்தான். ஆவணி, புரட்டாசியில் விதை, உழவு, உரம் என்று கையில் இருப்பதெல்லாம் வயலுக்குப் போகும். தோடும் மூக்குத்தியும் கூட்டுறவு வங்கியில் அடமானத்துக்குப் போகும். ஐப்பசியில் மழை பிடித்தால் கூலி வேலையும் நின்றுவிடும். வேதாரண்யத்தில் உப்பளம் மூடுவதும் அந்த மழைக்குத்தான். வருஷத்திலேயே வீட்டில் காசு புழங்காத அந்த நாட்களில்தான் நவம்பர்ப் பருவத் தேர்வுக்கான கட்டணம் கேட்கப்படுகிறது. கெடு தாண்டினால் தாமதக் கட்டணம். அதையும் தாண்டினால் ஹால் டிக்கெட் இல்லை.

இதே தொகையை மாசி, பங்குனியில் ஏப்ரல் தேர்வுக்கென்று கேட்கும்போது இவ்வளவு தவிப்பு இருப்பதில்லை. அறுப்பு முடிந்திருக்கும். கொள்முதல் நிலையத்தில் போட்ட நெல்லுக்குக் கொஞ்சம் தாமதமாகவாவது பணம் ஏறியிருக்கும். நிலமில்லாத வீட்டுக்கும் அறுப்புக் கூலியோ மூட்டை தூக்கிய கூலியோ வந்திருக்கும். குடும்பம் அதேதான், தொகையும் அதேதான்.

கடற்கரைப் பிள்ளைகள் கதை இன்னும் மோசம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடை. அக்கரைப்பேட்டையிலும் நாகூரிலும் படகுகள் கரையில் கிடக்கும். அந்த மாதங்களில்தான் விண்ணப்பம், கலந்தாய்வு, சேர்க்கைக் கட்டணம் எல்லாம். தடைக்கால நிவாரணம் 8000 ரூபாய். அதில் வீட்டுச் செலவு போக மிச்சம் என்ன இருக்கும்? மாதம் ஆயிரம் தரும் திட்டங்களும் சேர்க்கை அன்றைக்கே பணத்தைத் தந்துவிடுவதில்லை.

அதனால் என் முதல் கோரிக்கை இதுதான். நவம்பர்த் தேர்வுக் கட்டணத்தைத் தை, மாசியில் கட்ட விடுங்கள். ஹால் டிக்கெட்டை நிறுத்தாதீர்கள். வேண்டுமானால் மதிப்பெண் பட்டியலைக் கட்டணம் கட்டும்வரை வைத்திருங்கள். தன்னாட்சிக் கல்லூரிகள் தங்கள் தேர்வுத் தேதியைத் தாங்களே வைத்துக்கொள்கின்றன, இதைச் செய்ய அவர்களுக்கு யாரிடமும் போய் நிற்க வேண்டியதில்லை. பல்கலைக்கழகத்தின் கீழ் தேர்வு எழுதும் கல்லூரிகள் பெற்றோர் ஆசிரியர் கழக நிதியிலிருந்து முன்பணமாகக் கட்டிவிட்டு அறுப்புக்கு அப்புறம் வாங்கிக்கொள்ளலாம். அந்த நிதியே இந்தப் பெற்றோர் கொடுத்ததுதானே.

இரண்டாவது, வருகைப் பதிவு. நடவு, களையெடுப்பு நாட்களில் பெண் பிள்ளைகள் அம்மாவோடு வயலுக்குப் போகிறார்கள், இல்லையென்றால் வீட்டில் தம்பி தங்கையைப் பார்த்துக்கொள்கிறார்கள். பையன்கள் முகூர்த்த நாட்களில் மண்டபத்துக்குப் பரிமாறப் போகிறார்கள். ராத்திரி முழுக்க நின்றுவிட்டு முதல் மணிக்கு வகுப்பில் உட்கார்ந்தால் தூக்கம்தான் வரும். விதி எல்லோருக்கும் ஒன்றுதான் என்பீர்கள். அப்படியா? பொதுவாக 75 சதவீதம் வேண்டும், 65-க்கு மேல் இருந்தால் ஒரு தொகை கட்டிவிட்டுத் தேர்வு எழுதலாம். ஆக, விலக்கு ஏற்கெனவே இருக்கிறது, அதற்கு ஒரு விலையும் இருக்கிறது. கூலிக்குப் போனதால் வருகை குறைந்த பிள்ளையிடம் அந்தக் கூலியையே அபராதமாக வாங்குவது எனக்குச் சரியாகப் படவில்லை. வேலைக்குப் போகும் பிள்ளைகள் யார் என்று வகுப்பு ஆசிரியருக்குத் தெரியும். அவர்களுக்கு அபராதத்தை விட்டுவிட்டு, தவறிய பாடத்தை மழை விடுமுறைக்கு ஈடுகட்டும் சனிக்கிழமைகளிலேயே சேர்த்து நடத்தலாம்.

காசு சம்பந்தப்படாத இன்னொன்று இருக்கிறது. உதவித்தொகைச் சுற்றறிக்கை வந்ததும் வகுப்பில் சத்தமாகப் படித்து, "இந்த வகுப்புக்காரர்கள் எல்லாம் எழுந்து நில்லுங்க" என்று சொல்லும் வழக்கம். கெட்ட எண்ணத்தில் யாரும் செய்வதில்லை, வேலை சீக்கிரம் முடியும் என்றுதான். ஆனால் அந்த ஒரு நிமிஷத்தில் யார் தெருப் பிள்ளை, யார் காலனிப் பிள்ளை என்று அறுபது பேருக்கும் தெரிந்துவிடுகிறது. அதற்கப்புறம் மதியச் சாப்பாட்டுக்கு யார் யாரோடு உட்காருகிறார்கள் என்பதைப் போய்ப் பாருங்கள். விவரம் எல்லாம் உங்கள் கணினியில் இருக்கிறது. பெற்றோர் எண்ணுக்கு ஒரு குறுஞ்செய்தி போதும். 2025 ஜூலையில் அரசு விடுதிகளுக்கெல்லாம் சமூகநீதி விடுதி என்று பெயர் வைத்தார்கள். நல்லது. உணவுப் படி மாதம் 1500 ரூபாய், ஒரு நாளைக்கு 50 ரூபாய். அதில் எப்படி மூன்று வேளை சமைப்பது என்பதை வார்டன்களிடம்தான் கேட்க வேண்டும்.

சுயநிதிப் பிரிவு நடத்துகிறவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. சுயநிதிப் படிப்பில் சேரும் ஆதிதிராவிட, பழங்குடிப் பிள்ளைகளின் கட்டாயக் கட்டணங்களை அரசே ஏற்கும் என்று 2012 செப்டம்பரிலேயே அரசாணை 92 வந்துவிட்டது. இன்று குடும்ப வருமானம் இரண்டரை லட்சத்துக்குள் இருக்க வேண்டும். ஆதிதிராவிடப் பிள்ளைகளுக்கான ஒன்றிய அரசின் 60 சதவீதப் பங்கு இப்போது நேராகப் பிள்ளையின் வங்கிக் கணக்குக்கு வருகிறது, எப்போது வரும் என்றுதான் யாருக்கும் தெரியாது. அது வரும்வரை "முதலில் கட்டு, வந்ததும் எடுத்துக்கொள்" என்று சொன்னால், அந்த ஆணை வந்து என்ன பயன்?

கும்பகோணம் அரசுக் கல்லூரியில் 1904-இல் உதவித்தொகையோடு சேர்ந்தார் ராமானுஜன். ஆங்கிலத்தில் தேறாததால் அது பறிபோயிற்று, 1905-இல் சொல்லாமல் கொள்ளாமல் விசாகப்பட்டினத்துக்குப் போய்விட்டார். அவருக்குச் சாதி தடையாக இருந்ததில்லை. பணமும் ஒரு பாடமும்தான் குறுக்கே நின்றன. அந்த இரண்டோடு சாதியும் சேர்ந்துகொண்ட பிள்ளைகளைத்தான் நாங்கள் அனுப்புகிறோம். பிளஸ் டூ வரை தமிழில் கணக்குப்பதிவியல் போட்டவளுக்கு முதல் பருவத்திலேயே ஆங்கிலப் புத்தகத்தைக் கொடுத்துவிட்டு, அரியர் விழுந்ததும் "அடிப்படை சரியில்லை" என்று எங்கள் பள்ளியைக் கைகாட்டுகிறீர்கள். முதல் இரண்டு மாதம் இரு மொழியிலும் நடத்தினால் பெரும்பாலோர் பிடித்துக்கொள்வார்கள். பிடித்துக்கொண்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

பஸ்ஸைப் பற்றிச் சுருக்கமாக. இரண்டாம் ஷிப்டு முடிந்து பெண் பிள்ளை பஸ் ஸ்டாண்டுக்கு வருவதற்குள் கிராமத்துக்குப் போகும் டவுன் பஸ் போய்விடுகிறது. பயணம் இலவசம்தான், ஆனால் பஸ் வேண்டுமே. ஷிப்டு ஒதுக்கும்போது மதிப்பெண்ணோடு ஊரையும் பாருங்கள். இல்லையென்றால் போக்குவரத்துக் கழகக் கிளை மேலாளருக்கு உங்கள் கையெழுத்தில் ஒரு கடிதம் போடுங்கள். நாங்கள் போட்டால் நடப்பதில்லை, முதல்வர் போட்டால் நடக்கிறது.

வரும் ஜூனில் கல்லூரிக் கையேடு அச்சுக்குப் போகும் முன், நவம்பர்த் தேர்வுக் கட்டணத்தின் கெடுவைத் தைக்குத் தள்ளி ஒரு வரி சேர்த்துவிடுங்கள். எந்தக் கல்லூரியின் கையேட்டில் அந்த வரி இருக்கிறது என்று பார்த்து வைத்துக்கொள்வேன். அடுத்த மே மாதம் எங்கள் பிள்ளைகள் விண்ணப்பத்தில் கல்லூரிகளை வரிசைப்படுத்தும்போது பக்கத்தில் உட்காரப் போவது நான்தான்.

இப்படிக்கு,
திருத்துறைப்பூண்டி வட்டாரத்து அரசுப் பள்ளி ஆசிரியை