தட்டச்சு ஐயாவுக்கும் ஏனையோருக்கும் நன்றி

அன்புடையீர்,

பழுதான குளிர்சாதனப் பெட்டியை விற்ற வியாபாரிக்கு எதிராக மாவட்ட நீதிமன்றத்தில் தாக்கல் செய்திருந்த மனுவை நான் மீளப்பெற்றதையும், பாவனையாளர் அலுவல்கள் அதிகார சபையின் விசாரணைக்குப் பின்னர் அந்தப் பெட்டிக்குக் கொடுத்த பணம் நேற்று முழுமையாகக் கைக்கு வந்ததையும் அறிந்து பலர் விசாரிக்கின்றீர்கள். நடந்தவை உங்களுக்குத் தெரிந்தவையே. ஆகவே நன்றியை மட்டும் எழுதுகிறேன்.

முதல் நன்றி, நீதிமன்றத்துக்கு அருகே தட்டச்சுப் பொறியுடன் அமர்ந்திருக்கும் ஐயாவுக்கு. சத்தியக்கடதாசி ஒன்றைத் தட்டுவிப்பதற்காகவே அவரிடம் போனேன். பாதியில் நிறுத்தி, பெட்டி வாங்கிய பற்றுச்சீட்டை என்னிடமிருந்து எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். என் சட்டைப்பை வியர்வையில் தொகையின் கடைசி இலக்கங்கள் ஏற்கெனவே மங்கியிருந்தன. "தம்பி, இது இன்னும் கொஞ்ச நாளில வெறுந்தாளாப் போயிடும்" என்றவர், தாமே எழுந்து பக்கத்துக் கடையில் இரண்டு நிழற்பிரதிகள் எடுத்து வந்தார். பின்னர் நாட்காட்டியைப் பார்த்து எண்ணி, என் கடித உறையின் மூலையில் பென்சிலால் 71 என்று எழுதினார். பெட்டி வாங்கி அன்று எழுபத்தோராவது நாள். 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கப் பாவனையாளர் அலுவல்கள் அதிகார சபைச் சட்டத்தின்படி, பொருளை வாங்கி மூன்று மாதங்களுக்குள் அதிகார சபைக்கு எழுத்தில் முறையிட வேண்டும் என்பதையும், வழக்கு நடக்கிறதென்று அந்த நாட்கள் நின்று கொடுக்காது என்பதையும் அவர்தான் நினைவூட்டினார்.

இதையே என் சட்டத்தரணி முதல் நாளே சொல்லியிருந்தார் என்பதை வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறேன். பணத்தைத் திருப்பிப் பெறுவதைவிட அந்த வியாபாரியை நீதிமன்றப் படியேற்றிப் பார்ப்பதே அப்போது எனக்குப் பெரிதாக இருந்தது. அதிகார சபையோ முறைப்பாட்டை விசாரித்து, இழப்பீட்டையோ மாற்றுப் பொருளையோ பணத்தையோ வழங்குமாறு கட்டளையிடக்கூடியது. எனக்கு வேண்டியிருந்ததும் அவ்வளவுதான். புத்தி சொல்லிக் கேளாதவனுக்காக, குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 406ஆம் பிரிவின் கீழ், மீண்டும் வழக்கிடும் உரிமையை விட்டுக்கொடுக்காமல் மனுவை மீளப்பெற அனுமதி வாங்கித் தந்த என் சட்டத்தரணிக்கும், என் தெளிவற்ற கையெழுத்து முறைப்பாட்டைப் பொறுமையாக வாசித்த உத்தியோகத்தருக்கும், அம்மாவின் இன்சுலினைத் தங்கள் வீட்டுப் பெட்டியில் வைத்துக் காத்த அயலவர்களுக்கும், விசாரணை நாட்களில் கடையைப் பார்த்துக்கொண்ட தம்பிக்கும் என்றென்றும் கடமைப்பட்டுள்ளேன்.

மூலப் பற்றுச்சீட்டு இப்போது முற்றாக வெளிறிவிட்டது. விசாரணையில் காட்ட என்னிடம் இருந்தது ஐயா எடுத்துத் தந்த பிரதி மட்டுமே. அன்று பிரதிக் காசை நீட்டியபோது அவர் வாங்க மறுத்துவிட்டார். திங்கட்கிழமை அம்மாவையும் அழைத்துக்கொண்டு வருகிறேன் ஐயா. அம்மா நீட்டினால் மறுக்கமாட்டீர்கள் என்று நம்புகிறேன்.

நன்றியுடன்,
71ஆம் நாள் வந்த தம்பி
யாழ்ப்பாணம்