நெக்ரோனாமிகானுக்கு ஒரு திருத்தம் தேவை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த 'ஆபத்தான பழைய நூல்கள்' பட்டியலில் இரண்டாவதாக இருக்கும் நெக்ரோனாமிகானைப் பற்றி எழுதுகிறேன். கி.பி. 730-இல் டமாஸ்கஸில் பித்துப் பிடித்த ஓர் அரபுக் கவிஞர் எழுதியது, போப்பாண்டவர் தடை செய்தது, இன்று ஐந்து நூலகங்களில் மட்டும் பூட்டி வைக்கப்பட்டிருப்பது என்றெல்லாம் கட்டுரையாளர் எழுதியிருக்கிறார். அப்படி ஒரு நூலை எந்த அரபியும் எழுதவில்லை. எச். பி. லவ்கிராஃப்ட் என்ற அமெரிக்கர் (1890–1937) தன் திகில் கதைகளுக்காகக் கற்பனை செய்த நூல் அது. அந்தப் பெயர் முதன்முதலில் அச்சேறியதே 1924 பிப்ரவரி மாத 'வியர்டு டேல்ஸ்' இதழில், ஒரு கதைக்குள்தான்.

பத்திரிகையில் இப்படி ஏதாவது வரும், போகும். வழக்கமாக நான் கடிதம் எழுதிக்கொண்டிருக்க மாட்டேன். ஆனால் இங்கே ஜாதகம் பார்க்கும் ஒருவர் உங்கள் பக்கத்தை வெட்டி லேமினேட் செய்து மேசைமேல் வைத்திருக்கிறார். பக்கத்திலேயே அந்த 'நூலின்' ஸ்பைரல் பைண்டிங் போட்ட ஜெராக்ஸ். மாட்டுங்கா மார்க்கெட்டில் எனக்குப் பூ கொடுக்கும் அம்மாள், மகனுக்கு வேலை கிடைக்கவேண்டும் என்று அவரிடம் 2,100 ரூபாய் கொடுத்து, அதிலிருந்து ஒரு பக்கத்தை மடித்துத் தாயத்தில் வைத்து வாங்கி வந்திருக்கிறார். கேட்டால், "பேப்பர்லயே போட்டுட்டாங்களே மாமி, அப்புறம் எப்படிப் பொய்யா இருக்கும்?" என்கிறார். அவரிடம் பதில் சொல்லவேண்டியது நீங்கள்தான்.

கட்டுரையாளர் ஏமாந்ததில் எனக்கு ஆச்சரியமில்லை. கல்லூரி நூலகத்தில் கேட்டலாக் அட்டை தட்டச்சு செய்தே தலை நரைத்தவள் நான். ஒரு நூலை இருப்பதாகக் காட்டுவது எது என்று எனக்குத் தெரியும். பதிப்பு, ஆண்டு, மொழிபெயர்த்தவர், எந்த நூலகத்தில் எத்தனை பிரதி, இவைதான். லவ்கிராஃப்ட் 1927-இல் இந்த நூலுக்கு ஒரு சின்ன 'வரலாறு' எழுதிவைத்தார். அவர் இறந்த பிறகு 1938-இல் அது அச்சாயிற்று. அதில் பேய் பிசாசு கொஞ்சம்தான், மீதியெல்லாம் அட்டைக்கான விவரம். 950-இல் கிரேக்க மொழிபெயர்ப்பு, 1228-இல் லத்தீன், 1232-இல் போப்பாண்டவர் ஒன்பதாம் கிரிகோரியின் தடை. பிரதி இருக்கும் இடங்களாகப் பிரிட்டிஷ் மியூசியம், பாரிஸ் தேசிய நூலகம், ஹார்வர்ட், புவனஸ் அயர்ஸ் பல்கலைக்கழகம், அப்புறம் ஆர்க்கம் நகரத்து மிஸ்கடானிக் பல்கலைக்கழகம். முதல் நான்கும் நிஜம். ஐந்தாவது பல்கலைக்கழகமும் இல்லை, அந்த நகரமும் இல்லை. பாலில் தண்ணீர் கலக்கிறவர் கைப்பக்குவம் அது. (அவருடைய கதைகள் எனக்கு அவ்வளவாக ருசிக்கவில்லை, வர்ணனை தாங்காது. இந்தப் போலி வரலாற்றுக்கு மட்டும் சபாஷ் போடுவேன்.)

சரிபார்த்திருந்தால் அங்கேயே பிடிபட்டிருக்கும். 1228-இல் லத்தீனில் மொழிபெயர்த்ததாகச் சொல்லப்படும் ஓலாஸ் வோர்மியஸ் உண்மையில் டென்மார்க்கில் வாழ்ந்த மருத்துவர். அவர் பிறந்தது 1588-இல்! நூலாசிரியரைப் பட்டப்பகலில் கண்ணுக்குத் தெரியாத பூதம் ஒன்று விழுங்கியதாக எழுதிவைத்தவர் என்று இப்னு கல்லிகானைக் காட்டுகிறார்கள். அவரும் நிஜ மனிதர், புகழ்பெற்ற வாழ்க்கை வரலாற்றாசிரியர். லவ்கிராஃப்ட் அவரை 12-ஆம் நூற்றாண்டில் வைக்கிறார், அவரோ 1211-இல் பிறந்தவர். ஆண்டுகளை வரிசையாக ஒரு தாளில் எழுதிப் பார்த்தாலே போதும்.

'பல எழுத்தாளர்கள் தனித்தனியே இந்நூலைக் குறிப்பிடுகிறார்கள்' என்பது கட்டுரையாளர் காட்டும் இன்னொரு ஆதாரம். தனித்தனியே ஒன்றுமில்லை. கிளார்க் ஆஷ்டன் ஸ்மித், ராபர்ட் இ. ஹோவர்ட், ராபர்ட் பிளாக் எல்லாரும் லவ்கிராஃப்டோடு கடிதப் போக்குவரத்து வைத்திருந்தவர்கள். ஆளுக்கொரு மந்திர நூலைக் கற்பனை செய்து, ஒருவர் நூலை மற்றவர் கதையில் எடுத்தாண்டு விளையாடினார்கள். இதழ் வாசகர்களுக்குப் பல இடத்தில் ஒரே பெயர் கண்ணில் பட்டதும் நம்பிக்கை வந்துவிட்டது. எங்கே கிடைக்கும் என்று கேட்டு எழுதியவர்களுக்கு, அது தன் கற்பனைதான் என்று லவ்கிராஃப்டே பதில் போட்டிருக்கிறார். நம் ஜோதிடரைவிட அவர் நேர்மையானவர்.

அப்படியானால் அந்த ஜெராக்ஸ் என்ன என்று கேட்பீர்கள். நானே போய்ப் புரட்டிப் பார்த்தேன். லவ்கிராஃப்ட் இறந்து நாற்பது ஆண்டு கழித்து, 1977-இல், நியூயார்க்கில் 'சைமன்' என்ற புனைபெயரில் அதே தலைப்பில் ஒரு நூல் வந்தது. சுமேரிய, பாபிலோனியத் தெய்வங்களின் பெயர்களைக் கோத்துச் செய்தது. பிறகு மலிவுப் பதிப்பாகவும் வந்து நன்றாக விற்றது. அதன் நகல்தான் இது. இதற்கு முன்பே 1973-இல் இன்னொன்று வந்தது. அதில் யாருக்கும் புரியாத ஓர் எழுத்தை வரைந்து, அதே சில பக்கங்களைத் திரும்பத் திரும்ப அச்சிட்டு பைண்டு செய்திருந்தார்கள். அதுவாவது வேடிக்கைக்கு என்று பார்த்தாலே தெரியும்.

மாந்திரீக நூல் எதையும் பத்திரிகை தொடக்கூடாது என்று நான் சொல்லவரவில்லை. எங்கள் நூலகத்தில் 133 என்ற வகைப்பாட்டு எண்ணின் கீழ் ஒரு தட்டு முழுக்க அந்த வகைதான், பையன்கள் விரும்பி எடுத்துப்போவார்கள். லவ்கிராஃப்டை 813-இல், அமெரிக்கக் கதைகளோடு வைப்போம். இந்த வித்தியாசத்தை மட்டும் வாசகருக்குச் சொல்லிவிடுங்கள்.

திருத்தம் அதே ஞாயிறு இணைப்பில், அதே பக்கத்தில், அதே அளவு தலைப்போடு வரவேண்டும். உள்பக்க மூலையில் இரண்டு வரி போட்டால் பூக்கார அம்மாள் அதை எடுத்துக்கொண்டு போய்ப் பணத்தைத் திருப்பிக் கேட்க முடியாது. இன்னொன்று. பட்டியலில் ஆறாவதாக இருக்கும் 'எய்பான் நூல்' மேலே சொன்ன ஸ்மித்தின் கற்பனை. இரண்டையும் ஒரே வாரத்தில் திருத்திவிட்டால் நான் இன்னொரு கடிதம் எழுதவேண்டி வராது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கல்லூரி நூலகப் பணியாளர் ஒருத்தி,
மாட்டுங்கா, மும்பை