செயலாளர் ஆண்டறிக்கை – பழைய வீடியோ கேம் ஆர்வலர் சங்கம்

தலைவர் அவர்களுக்கும் நிர்வாகக் குழுவினருக்கும் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

மாதக் கூட்டங்கள் தேர்வு நேரம் தவிர வழக்கம்போல நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். இந்த ஆண்டு என்று யோசித்தால் எனக்கு ஞாபகம் வருவது ஒன்றுதான்: பயாஸ் ஃபைல், அதாவது கேம் பெட்டியை எழுப்பிவிடும் நிரலின் நகல்.

நன்கொடையாக வந்த பழைய கம்ப்யூட்டரில் லினக்ஸும், பழைய கேம் பெட்டிகளைப் போல நடிக்கும் ரெட்ரோஆர்ச் மென்பொருளும் போட்ட அன்றே சூப்பர் நிண்டெண்டோ ஓடிவிட்டது. அதற்குப் பயாஸ் தேவையில்லை. பிளேஸ்டேஷன் அப்படியல்ல. அதை எழுப்பிவிடும் நிரல் அதன் சிப்பிலேயே இருக்கிறது. அதை நகலெடுத்த 512 கேபி ஃபைலை ரெட்ரோஆர்ச்சின் சிஸ்டம் ஃபோல்டரில் வைத்தால்தான் பீட்டில் கோர் (ரெட்ரோஆர்ச்சில் பிளேஸ்டேஷனாக நடிக்கும் பகுதி) கண் திறக்கும். தலைவரின் அண்ணன் அமெரிக்காவிலிருந்து கொண்டுவந்த பெட்டி நம்மிடம் உண்டு. அடியில் ஸ்டிக்கரில் எஸ்சிபிஎச் 5501 என்றே இருக்கும். அதிலிருந்து ஃபைலை எடுத்து வைத்தோம். திரை கறுப்பாகவே இருந்தது.

இரண்டு ஞாயிறு போனது. கேபிளை மாற்றினோம், டிவியையும் மாற்றினோம். கடைசியில் கல்லூரித் தம்பி ஒருவர்தான் கண்டுபிடித்தார். ஃபைல் பெயர் ஆங்கிலப் பெரிய எழுத்தில் இருந்ததாம். விண்டோஸ் அதைக் கண்டுகொள்ளாது, லினக்ஸ் விடாது. சின்ன எழுத்தாக மாற்றியதும் லோகோவும் அந்தப் பழைய சத்தமும் வந்தன. நாங்கள் கைதட்டியதில் மாடி வீட்டுக்காரர் என்னவோ ஏதோவென்று இறங்கி வந்துவிட்டார்.

இன்னொரு உறுப்பினர் வீட்டில் விண்டோஸ்தான். அங்கே வேறு கூத்து. ஃபைல் பெயரின் '.bin' என்ற பின்னொட்டை அது மறைத்து வைத்திருந்ததால் அவர் மறுபடி ஒரு '.bin' சேர்த்திருந்தார். மூன்றாமவருக்குப் பெயரும் சரி, அளவும் 5,24,288 பைட் சரி, ஆனால் உள்ளடக்கம் பழுது. எம்டி5 (உள்ளடக்கத்தைக் கணக்கிட்டு வரும், கைரேகை மாதிரியான குறியீடு) போட்டுப் பார்த்ததில் தெரிந்தது. 5501-க்கு அது 490-இல் தொடங்கி 246-இல் முடிய வேண்டும். ஜப்பான் டிஸ்க்குக்கு 5500 பயாஸும் ஐரோப்பிய டிஸ்க்குக்கு 5502 பயாஸும் தனியாக வேண்டும் என்பதையும் குறித்துக்கொள்ளவும்.

நியோ ஜியோ என்ற பெட்டியின் பயாஸ் ஜிப்பைப் பிரிக்காதீர்கள், விளையாட்டு ஜிப்புகளோடு அப்படியே இருக்கட்டும். கேம்பாய் அட்வான்ஸுக்குப் பயாஸ் தேடி அலைய வேண்டாம், அதை ஓட்டும் எம்ஜிபிஏ கோரில் மாற்று ஏற்பாடு உள்ளேயே உண்டு.

சங்கமே ஃபைல்களை எல்லோருக்கும் கொடுத்தால் என்ன என்று கேட்டார்கள். பிளேஸ்டேஷன் விளையாட்டுகளைக் கம்ப்யூட்டரில் ஓட்டும் மென்பொருள் செய்த கனெக்டிக்ஸ் நிறுவனம் மீது சோனி போட்ட வழக்கில், 2000-இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றமே விட்டுவிட்டதே என்றும் வாதிட்டார்கள். அந்தத் தீர்ப்பு, பயாஸ் எப்படி வேலை செய்கிறது என்று ஆராய்வதற்காக எடுத்த நகலைப் பற்றியது. விற்பனைக்கு வந்த மென்பொருளில் சோனியின் நிரல் இல்லை. ஆகவே அவரவர் பெட்டியிலிருந்து அவரவர் எடுத்துக்கொள்வது என்று நிர்வாகக் குழு முடிவு செய்தது. எடுக்கத் தெரியாதவர்கள் பெட்டியோடு வந்தால் கூட உட்கார்ந்து எடுத்துத் தருகிறோம்.

அப்புறம், சங்கத்தின் நீல பென் டிரைவ் யாரிடம் இருக்கிறதோ, தயவுசெய்து இன்றே பொருளாளரிடம் கொடுத்துவிடவும்.

செயலாளர்