வொர்லியிலும் ஒரு நன்னீர் ஏரி

ஆசிரியருக்கு வணக்கம்.

நன்னீர் மீன்களின் புதைபடிவங்களை ஆராய்பவர் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை, தாராவியில் நான் அறிவியல் நடத்தும் மாநகராட்சித் தமிழ்ப் பள்ளியில் வாசித்துக் காட்டினேன். டைனோசர் என்றால் பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள். ஒரு செதிலுக்காக வருஷக்கணக்கில் உட்கார்ந்திருப்பவரைப் பற்றி எழுத உங்களுக்குத் தோன்றியதே, அதற்கு நன்றி.

மகாராஷ்டிரத்தின் சந்திரபூர் மாவட்டத்து டோங்கர்காவ் மீனைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்லியிருக்கலாம். அங்குள்ள லமேட்டா படிவு என்னும் டைனோசர் காலப் பாறை அடுக்கில் கிடைத்த அந்தக் கார் (gar) வகை மீனுக்கு, 1908-ல் பிரிட்டிஷ் புதைபடிவ ஆய்வாளர் ஆர்தர் ஸ்மித் வுட்வர்ட் லெபிசோஸ்டியஸ் இண்டிகஸ் என்று பெயரிட்டார். இன்று கார் மீன்கள் வட, மத்திய அமெரிக்காவிலும் கியூபாவிலும் மட்டுமே வாழ்கின்றன. அவற்றின் செதில் நம் கெண்டைச் செதில்போல மெல்லியதல்ல. சாய்சதுரமாக, கெட்டியாக, பல்லின் எனாமல் போலப் பளபளப்பாக இருக்கும். முழு மீன் கிடைக்காத இடத்திலும் ஒற்றைச் செதிலை வைத்தே இது கார் வகை என்று சொல்ல முடிவது அதனால்தான்.

ஆனால் கார் செதில் கிடைத்தாலே அது நன்னீர் ஏரி என்பதுபோல எழுதியிருப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. இன்றைய கார் மீன்களில் சில உப்பங்கழியிலும், ஏன், கடலோரத்திலும்கூடத் தாக்குப்பிடிக்கின்றன. கூடவே வேறென்ன கிடைக்கிறது என்று பார்த்தால்தான் அது எந்தத் தண்ணீர் என்று தெரியும்.

இதற்கு நல்ல உதாரணம் மும்பையிலேயே இருக்கிறது. எரிமலைக் குழம்பு ஒருமுறை பாய்ந்து அடங்கி, அடுத்தது வருவதற்குள் வொர்லியில் நீர் தேங்கிச் சேறு படிந்தது. அந்தச் சேறு இறுகிய பாறையில் சிறு தவளைகளின் எலும்புக்கூடுகள் கிடைத்தன. 1847-ல் அவற்றை விவரித்தவர், டைனோசர் என்ற பெயரைத் தந்த ரிச்சர்ட் ஓவன். நன்னீர் ஆமையும் அங்கே கிடைத்தது. பெரும்பாலான தவளைகளுக்கு உப்புநீர் ஆகாது. அதனால், இன்று மூன்று பக்கமும் கடல் சூழ்ந்த இந்த நகரத்தில் 6 கோடி ஆண்டுகளுக்கு முன்பு நல்ல தண்ணீர் ஏரி இருந்தது என்று தைரியமாகச் சொல்லலாம்.

இதைச் சொன்னதும் பிள்ளைகள், “எங்கே டீச்சர், காட்டுங்க” என்றார்கள். எங்கே கூட்டிப்போவது? அந்தப் பாறை அடுக்குகளில் பெரும்பகுதி கட்டடங்களுக்கு அடியில் போய்விட்டது. அடித்தளம் தோண்டும்போது ஒரு புவியியலாளர் வந்து பார்க்கவாவது கட்டாய விதி வேண்டும். அரிய பாறைகளும் புதைபடிவங்களும் உள்ள இடங்களைக் காக்க, சுரங்க அமைச்சகம் 2022-ல் வெளியிட்ட புவிமரபுப் பாதுகாப்பு வரைவு மசோதா பற்றி நம் தமிழ் இதழ்களில் பேச்சே இல்லை. அடுத்த கட்டுரை அதைப் பற்றி இருக்கட்டும். மும்பைப் பாறைகளையும் சேர்த்து எழுதுங்கள்.

அன்புடன்,
ஓர் ஆசிரியை,
தாராவி, மும்பை