கலை இயக்குநருக்கு வேலையில்லையாம்!

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழ் திரை விமர்சனத்தில், ‘கதை முழுக்க ஒரே வீட்டுக்குள் நடப்பதால் கலை இயக்குநருக்குப் பெரிதாக வேலையில்லை’ என்று எழுதியிருக்கிறீர்கள். நானும் அந்தப் படத்தைப் பார்த்தேன். சமையல்கட்டுச் சண்டையில் கேமரா நிற்கிற இடத்தில் ஒரு சுவர் இருந்தாக வேண்டும். முந்தின காட்சியில் இருந்ததே! கழற்றி மாட்டுகிற சுவர், ஐயா. அந்த வீடே செட். உங்கள் விமர்சகர் நிஜ வீடு என்று நம்பிவிட்டார். போட்டவருக்கு அதைவிடப் பெரிய பாராட்டு கிடையாதுதான், ஆனால் அது அவருக்குப் போய்ச் சேரவில்லையே.

கலைப் பிரிவில் உதவியாளனாகவே இருந்து ஓய்ந்தவன் நான். ஒரு படத்தில், தாத்தா சாய்ந்து உட்காரும் சுவரில் தலை எண்ணெய்க் கறை வேண்டும் என்றார் எங்கள் கலை இயக்குநர். நிஜ எண்ணெயைத் தேய்த்தால் லைட் சூட்டில் வழியும், மினுங்கும். பழுப்பு பெயிண்டைத் தண்ணீராகக் கரைத்து, ஸ்பாஞ்சால் ஒற்றி, காயவிட்டு, மறுபடி ஒற்றினோம். அப்புறம் சுவிட்சுகளைச் சுற்றி விரல் அழுக்கு. காலண்டரைக் கழற்றிய இடம் மட்டும் பளிச்சென்று இருக்க, சுற்றிலும் மங்கல். முடிப்பதற்குள் விடிந்துவிட்டது. படம் வந்ததும் நீங்கள் எழுதியது: ‘பழைய வீட்டின் அழகை அள்ளி வந்திருக்கிறது ஒளிப்பதிவு.’ சரி, அள்ளட்டும். எங்கிருந்து அள்ளினார் என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

‘நாயகன்’ படத்துத் தாராவியில் பெரும்பகுதி சென்னையில் போட்ட செட் என்பதும், அதற்குத் தோட்டா தரணி தேசிய விருது வாங்கியதும் தங்களுக்குத் தெரியாததல்ல. ஆனாலும் உங்கள் பக்கங்களில் செட் என்றால் பாட்டுக்குப் போடும் கண்ணாடி மாளிகைதான். அதிலும் எத்தனை கோடி என்பதுதான் செய்தி, போட்டது யார் என்பது அல்ல. ‘பாரதி’க்காகத் தேசிய விருது பெற்ற பி. கிருஷ்ணமூர்த்தி 2020 டிசம்பரில் மறைந்தபோது ஓரத்தில் நாலு வரி போட்டீர்கள். அதே இதழில் ஒரு நடிகர் கார் வாங்கியதற்கு முழுப் பக்கம். நல்ல கார்தான், குறை சொல்லவில்லை.

பெரிதாக எதுவும் கேட்கவில்லை. விமர்சனத்தின் கீழே இசை, ஒளிப்பதிவு தொடங்கி மக்கள் தொடர்பு வரைக்கும் கட்டம் கட்டிப் பெயர் போடுகிறீர்களே, அதில் கலை இயக்குநருக்கும் ஒரு வரி ஒதுக்குங்கள். இடம் போதவில்லை என்றால் எழுத்தைச் சின்னதாக்கிக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
பழைய ஆர்ட் அசிஸ்டென்ட் ஒருவர்,
சாலிகிராமம், சென்னை-93