குழந்தைக்குப் பெயர் கேட்டிருந்தாயே

அன்புள்ள கயல்,

நீ அனுப்பிய பெயர்ப் பட்டியலை நானும் அப்பாவும் உட்கார்ந்து முழுசாகப் படித்தோம். யாழினி, மகிழினி, நிலா எல்லாம் நல்ல பெயர்கள்தான். ஆனால் பக்கத்தில் பொருள் என்று போட்டிருப்பதுதான் எனக்கு மனசுக்கு ஒப்பவில்லை. பாதிப் பெயருக்கு அழகானவள், மீதிக்கு அறிவுள்ளவள். எந்த ஊரில் புழங்கிய பெயர், யார் யாருக்கு வைத்தார்கள், எதற்காக வைத்தார்கள் என்று ஒரு வரி கிடையாது. நான் பார்ப்பது அதைத்தான்.

நம் பக்கத்தில் பெயரைக் கேட்டே ஊரைச் சொல்லிவிடலாம். காந்திமதி, நெல்லையப்பன் என்றால் திருநெல்வேலி. கோமதி, சங்கரநாராயணன் என்றால் சங்கரன்கோவில். செண்பகவல்லி கோவில்பட்டி, உலகம்மாள் நம் தென்காசி. சொரிமுத்து என்று ஒருவர் வந்தால், பாபநாசத்துக்கு மேலே காட்டுக்குள் இருக்கிற ஐயனாரைக் கும்பிடுகிற குடும்பம் என்று கேட்காமலே தெரியும். இசக்கி என்ற பெயரைப் பள்ளிக்கூடத்தில் சொல்ல இப்போது பிள்ளைகள் கூச்சப்படுகிறார்கள், எனக்கு அது வருத்தமாக இருக்கிறது. இயக்கி என்பதுதான் இசக்கி ஆனது. சிலப்பதிகாரத்தில் மதுரைக்கு வெளியே மாதரி பால்சோறு படைத்துவிட்டு வருகிறாளே, அது ஓர் இயக்கிக்குத்தான். அவ்வளவு பழைய பெயர்.

பழசு என்பதற்காக எல்லாமே நல்லது என்று சொல்ல வரவில்லை. பிறந்த பிள்ளைகள் தங்காத வீட்டில், இதுவாவது பிழைக்கட்டும் என்று குப்பை என்றும் பிச்சை என்றும் வைத்தார்கள், அதில் ஒரு தாயின் பயம் இருக்கிறது, அதை என்னால் புரிந்துகொள்ள முடிகிறது. போதும்பொண்ணு, வேண்டாம் என்று வைத்தார்களே, அதை என்னால் மன்னிக்கவே முடியாது. ரேஷன் கார்டிலும் கல்யாணப் பத்திரிகையிலும் ஒரு பெண் அதைச் சுமந்துகொண்டு திரிய வேண்டும்!

உன் பெயர் அப்பா வைத்தது. சுவாமி வேதாசலம் 1916 வாக்கில் தன்னை மறைமலை அடிகள் என்று மாற்றிக்கொண்டார், வேதம் மறை, அசலம் மலை. அவருக்கு முன்பே சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற்கலைஞர் ஆகியிருந்தார். அப்புறம் நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார், ராமையா அன்பழகன் ஆனார், அந்தத் தனித்தமிழ்ப் பெயர் அலை ஊர் ஊராக வந்ததில்தான் இளங்கோவன், தமிழ்ச்செல்வி, கயல்விழி எல்லாம் சாதாரண வீடுகளுக்குள் நுழைந்தன. ஆகவே உன் பெயருக்கு மீன் போன்ற கண் என்பது மட்டும் பொருள் இல்லை. உன் அப்பா இளவயதில் எதை நம்பினார் என்பதும் அதில் இருக்கிறது.

ஆச்சி கதையை உனக்கு முழுசாகச் சொன்னேனா தெரியவில்லை. தாத்தா பெயர் ஆறுமுகம். கட்டினவர் பெயரைச் சொல்லக் கூடாது என்பதால் ஆச்சி வாயில் கடைசிவரை 'ஆறு' என்ற சொல்லே வந்ததில்லை. மத்தியானம் திண்ணையில் சாக்கட்டியால் கட்டம் போட்டுத் தாயம் ஆடுவார்கள். பித்தளைக் கட்டை இரண்டிலும் மும்மூன்று புள்ளி விழுந்தால் ஆறு, இன்னொரு தடவை உருட்டலாம். சுற்றி இருப்பவர்கள் எல்லாம் "என்ன விழுந்திருக்கு, சொல்லுக்கா" என்று வேண்டுமென்றே கேட்பார்கள். ஆச்சி "அஞ்சும் ஒண்ணும்" என்று சொல்லிவிட்டுக் கட்டையை எடுத்து அடுத்த உருட்டுக்குத் தயாராகிவிடுவாள். சிற்றாற்றுக்குக் குளிக்கப் போவதைக்கூட 'தண்ணிக்குப் போறேன்' என்பாள். மூத்த பேரனுக்குத் தாத்தா பெயரையே வைத்ததால் அவனையும் கடைசிவரை ராசா என்றுதான் கூப்பிட்டாள். அந்த வழக்கம் எனக்குப் பிடிக்காது, போனது நல்லதுதான். ஆனால் தாயம் ஆடும்போதெல்லாம் ஆறு விழுந்தால் எனக்கு ஆச்சி குரல்தான் கேட்கிறது.

ஆட்டத்தில் வரும் சொற்களுக்கு மாப்பிள்ளை பொருள் கேட்டதாக எழுதியிருந்தாய். தாயம் என்றால் ஒன்று, அது விழாமல் காய் இறங்காது. தாயம் என்றால் குடும்பச் சொத்தில் பங்கு என்றும் பொருள் உண்டு, தாயாதி என்கிறோமே, அதே சொல். சுற்றி வந்து நடுக்கட்டத்தில் ஏறிய காய் பழம் ஆகிவிடும், அதை யாரும் வெட்ட முடியாது. பல்லாங்குழியில் ஒரு குழியில் நாலு முத்து சேர்ந்தால் பசு, குழிக்கு உரியவர் எடுத்துக்கொள்ளலாம். பசுவுக்கு நாலு காம்பு என்று ஆச்சி எனக்குச் சொல்லிக் கொடுத்தாள், நானும் அப்படியே உனக்குச் சொல்கிறேன். ஆட்டம் தெரியாத சின்னப் பிள்ளையைச் சேர்த்துக்கொண்டு, அது அவுட் ஆனாலும் கணக்கில்லை என்று விடுவோமே, ஒப்புக்குச் சப்பாணி, நீகூட அண்ணன் கூட்டத்தில் ரொம்ப நாள் அதுதான். சப்பாணி என்று மனிதர்களுக்கும் பெயர் உண்டு. பிள்ளைத்தமிழில் குழந்தை இரண்டு கையையும் சேர்த்துக் கொட்டுகிற பருவமும் சப்பாணிதான். உன் மகள் கை கொட்டத் தொடங்கும்போது அந்தச் சொல்லைச் சொல்லிக் கூப்பிடு.

இப்போது பெயருக்கு வருகிறேன். பேரன் என்பது பெயரன், பேத்தி என்பது பெயர்த்தி, பாட்டன் பாட்டி பெயரைத் தாங்குகிறவர்கள். ஐங்குறுநூற்றில் ஒரு பாட்டில், தன் அப்பாவின் பெயரைத் தாங்கிய மகன் தளர்நடையில் சிறுதேர் உருட்டுவதைப் பார்த்து ஒருவன் சொக்கிப்போகிறான், மனைவி மேல் உள்ள அன்பைவிட இவன் மேல் பெரிதாகிவிட்டதே என்கிறான். நடைவண்டி பிடித்து நடந்த பிள்ளைகளைப் பார்த்தவர்களுக்கு அது நன்றாகவே புரியும்.

எனக்கு ஆசை உலகம்மை என்று வைக்க வேண்டும் என்பது, ஆச்சி பெயர். ஆனால் தலைப்பிள்ளைக்கு அப்பா வழிப் பெயர்தான் முறை, அதனால் முதலில் உன் அத்தையிடம் கேள். அவர் அம்மா பெயர் குழல்வாய்மொழி என்று உன் கல்யாணத்தில் சொன்னார், குற்றாலத்து அம்மன் பெயர், எனக்கு அப்போதே பிடித்துவிட்டது. ஏட்டி, ழகரம் ஜெர்மன்காரர்கள் வாயில் வராது என்று ஒதுக்கிவிடாதே, கயல்விழியை அவர்கள் கயல்விலி என்றாலும் நீ திரும்பிப் பார்க்கத்தானே செய்கிறாய்? வீட்டில் மொழி என்று கூப்பிடலாம், பதிவில் முழுப் பெயராக இருக்கட்டும். அத்தை வேறு பெயர் சொன்னாலும் எனக்குச் சம்மதம்தான், அந்தப் பெயருக்கு உரியவரைப் பற்றிக் கேட்டு எழுதி வைத்துக்கொள்.

பல்லாங்குழிக் கட்டையும் தாயக்கட்டையும் பார்சலில் வருகின்றன. புளியங்கொட்டை அனுப்ப முடியுமா தெரியவில்லை, அதனால் சோழி வைத்திருக்கிறேன். குழந்தை தவழ ஆரம்பித்துவிட்டால் சோழியைக் கைக்கு எட்டாத உயரத்தில் எடுத்து வை. அத்தையிடம் பேசிவிட்டு ஞாயிற்றுக்கிழமை போன் பண்ணு.

அன்புடன்,
அம்மா